வஜா

கோடை விடுமுறை முடிந்து பள்ளிக்கூடம் திறந்த அன்றைக்கு வடிவு கோழி கூவுவதற்கு முன்பே எழுந்துவிட்டாள். பச்சைக் கரை போட்ட ஆயா யூனிஃபார்ம் சேலையை முந்தின நாளே கஞ்சி போட்டு மடித்து வைத்திருந்தாள். சேலை சரியாக இருந்தது, தலைதான் சொன்னபடி கேட்கவில்லை. மார்ச் மாதம் மாதேஸ்வரன் மலையில் மொட்டை அடித்த தலை. முடி இப்போது ஒரு விரல்கடை வளர்ந்து குத்திக்கொண்டு நின்றது. எவ்வளவு எண்ணெய் வைத்தாலும் படியமாட்டேன் என்றது. நர்சரிப் பிள்ளைகள் பார்த்துப் பயந்துவிடப் போகின்றன என்று முந்தானையை எடுத்து முக்காடாகப் போட்டுக்கொண்டாள்.

"கல்யாணப் பொண்ணாட்டம் கெளம்பிட்டியே" என்றான் சென்னிமலை. மைசூர் தேவராஜா மார்க்கெட்டில் வாழைத்தார் இறக்குகிற ஆள் அவன். விடிகாலை லோடுக்குப் போயிருக்க வேண்டியவன், மனைவியை வழியனுப்புவதற்காகவே அன்றைக்கு நின்றுவிட்டான். நஞ்சனகூடு ரசவாழையில் நல்ல சீப்பாக ஒன்று எடுத்து வைத்திருந்தான். "மொத நாளு, அழுகற புள்ளைகளுக்குக் குடு. பழத்தக் கண்டா வாய மூடிக்கும்."

"அதெல்லாம் மூடாதுங்க. தூக்கி இடுப்புல வெச்சு, மரத்துல அணில் இருக்குதான்னு தேடச் சொல்லோணும். தேடறப்ப அழுகைய மறந்துபோயிரும்" என்றாள் வடிவு.

பதினெட்டு வருஷமாகச் செய்கிற வேலை. ஷூ கயிற்றை அவிழ்ப்பது, மூக்கைச் சிந்திவிடுவது, டிபன் டப்பாவில் அடைத்துக்கொண்ட மூடியைத் திறப்பது, ஈரமான நிக்கரை மற்ற பிள்ளைகள் பார்ப்பதற்கு முன்னால் மாற்றுவது. சிரிக்கிறவர்கள் சிரித்துக்கொள்ளலாம். முதல் நாள் நாற்பது பிள்ளைகள் ஒரே நேரத்தில் அம்மா அம்மா என்று அலறுகிறபோது அங்கே போய் நின்று பார்த்தால் தெரியும்.

தூறல் விழுந்துகொண்டிருந்தது. வாழைப்பழச் சீப்பை முந்தானைக்குள் வைத்துக்கொண்டு பள்ளி கேட்டுக்கு வந்தவளை வாட்ச்மேன் சித்தையன் பார்த்தான். அவனும் அவளைப் போல ஹனூர்ப் பக்கத்து ஆள்தான், அக்கா அக்கா என்று உயிரை விடுகிறவன். அவன் முகம் வெளுத்துவிட்டது.

"அக்கா, நீங்க எங்கீங்க இங்க?"

"எங்கயா? நல்லாக் கேட்ட போ. தொறக்கற அன்னைக்கு வராம வேறெப்ப வருவாங்க? நவுரு, வேன் வந்துரும்."

அவன் நகரவில்லை. "உங்கள உள்ள உடக்கூடாதுன்னு ஆபீஸ்ல சொல்லியிருக்காங்க அக்கா."

"என்ற வேலைக்கு நான் போறதுக்கு எவன் தடுக்கறது?"

"வேல ஏதுங்கக்கா? உங்கள வேலைய உட்டு நிறுத்தி எத்தன மாசமாச்சு. உங்களுக்குத் தெரியாதா? மெய்யாலுமே தெரியாதா?"

கேட் கம்பிக்கு அந்தப் பக்கம், அதே பச்சைக் கரைச் சேலையில் ஓர் இளம் பெண் அழுகிற குழந்தை ஒன்றைத் தரதரவென்று கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனாள். வடிவு அதைப் பார்த்தாள். தூக்கி இடுப்பில் வைக்க வேண்டும், அணில் தேடச் சொல்ல வேண்டும் என்று அந்த நேரத்திலும் அவள் மனசு சொன்னது. அதற்குப் பிறகுதான் சித்தையன் சொன்னது உள்ளே இறங்கியது.  பழச் சீப்பு நழுவிக் கீழே விழுந்தது. அதைக் குனிந்து எடுக்கவேண்டும் என்றுகூட அவளுக்குத் தோன்றவில்லை.

நடந்தது இதுதான்.

ஜனவரியில் ஒரு நாள், பள்ளி விடுகிற நேரத்தில், எல்.கே.ஜி. பையன் ஒருவன் வாந்தி எடுத்துவிட்டான். அவனைக் கழுவி விடுவதற்கு வடிவு பாத்ரூமுக்குத் தூக்கிக்கொண்டு போனாள். அந்தக் கொஞ்ச நேரத்தில் மனிஷா என்கிற பெண் குழந்தை திறந்து கிடந்த சின்னக் கேட் வழியாக வெளியே போய்விட்டது. தெருமுனை ஐஸ் வண்டிக்காரனிடம் நின்று ரொம்ப சமாதானமாகப் பேசிக்கொண்டிருந்ததைக் கண்டுபிடித்துத் தூக்கி வந்தார்கள். குழந்தைக்கு ஒரு கீறல் இல்லை. ஆனாலும் அப்பா அம்மா வந்து சத்தம் போட்டார்கள். சின்னக் கேட்டுக்கு ஆள் போடாத நிர்வாகம் யாரையாவது காட்டியாக வேண்டும். கையில் வாந்தித் துணியோடு நின்றவளைக் காட்டினார்கள். சஸ்பெண்டு, விசாரணை என்று ஆனது.

வடிவு ஊருக்குப் போய் அண்ணன் காட்டில் கொள்ளு பிடுங்கிக்கொண்டிருந்தாள். வீட்டில் சும்மா உட்கார்ந்தால் பைத்தியம் பிடித்துவிடும் என்று போனாள். வேலை திரும்பக் கிடைத்தால் முடி தருகிறேன் என்று மாதேஸ்வரன் மலைச் சாமி மாதப்பனுக்கு அங்கிருந்தே வேண்டிக்கொண்டாள். இடுப்பைத் தொடுகிற முடி அவளுக்கு. மாதப்பனுக்கு அது ஆகாதா என்ன!

பிப்ரவரிக் கடைசியில் பதிவுத் தபால் மைசூர் வீட்டுக்கு வந்தது. சென்னிமலை கையெழுத்துப் போட்டு வாங்கினான். அவனுக்குத் தமிழ் எழுத்து அரைகுறை, கன்னட எழுத்து சுத்தமாகக் கிடையாது. பேச்சு மட்டும் மார்க்கெட் முழுக்கக் கன்னடம்தான். தபாலை மடித்து இடுப்பில் செருகிக்கொண்டு மார்க்கெட்டுக்கு ஓடி, வெற்றிலைக் கடை லிங்கப்பனிடம் நீட்டினான். லிங்கப்பன் ஒரு கையால் வெற்றிலைக் கவுளியைப் பிரித்துக்கொண்டே, கண்ணை மட்டும் காகிதத்தில் ஓட்டி, கடைசி வரியைச் சத்தமாகப் படித்தார்.

"...வஜா மாடலாகிதெ."

அவ்வளவுதான். சென்னிமலை காகிதத்தைப் பிடுங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டான்.

ஹனூர், கொள்ளேகாலம் சீமையெல்லாம் ஒரு காலத்தில் கோயமுத்தூர் ஜில்லாவோடு இருந்தது. எல்லைக்கோடு எப்போதோ மாறியது. ஜனங்களின் வாயை யாராலும் மாற்ற முடியவில்லை. மழை பொய்த்த வருஷம் சர்க்கார் நிலவரியைத் தள்ளிவிட்டால் அங்கே "கந்தாயம் வஜா ஆயிப்போச்சு" என்பார்கள். அவன் அப்பன் காலத்தில் அப்படி ஒரு சேதி வந்து, ஊரே பொங்கல் வைத்துக் கிடா வெட்டியதை அவன் சின்னப் பையனாக இருந்து பார்த்திருக்கிறான். வஜா என்றால் அவனுக்கு மன்னிப்பு, கறிச்சோறு. கன்னட ஆபீசில் அதே வஜாவுக்கு வேலையிலிருந்து நீக்கம் என்று பொருள். மார்க்கெட்டில் யாரும் அந்தச் சொல்லைப் பேசுவதில்லை. ஆளை நிறுத்தினால் "கெலசதிந்த தெகெதாக்கித்ரு" என்று பச்சையாகத்தான் சொல்வார்கள். அவனுக்குத் தெரிய வழி ஏது? தமிழ்ச் சொல் மட்டும் யோக்கியமா! கடன் தள்ளுபடி என்றால் கும்பிடுகிறோம், வழக்கு தள்ளுபடி என்றால் அழுகிறோம்.

லிங்கப்பன் வெற்றிலை கேட்டவர் பக்கம் திரும்பிவிட்டார், அவன் ஓரமாக ஓடிப் போன் போட்டான். "வடிவு, வஜா பண்ணிப்போட்டாங்க புள்ள! உன்ற மேல இருந்த குத்தத்த வஜா பண்ணிப்போட்டாங்க!"

அந்தப் பக்கம் வடிவு கொள்ளுச் செடியோடு மண்ணில் உட்கார்ந்துவிட்டாள். உகே மாதப்பா, உகே மாதப்பா என்று சாமியைக் கூப்பிட்டு அழுதாள்.

காகிதம் சந்தனம் குங்குமம் பூசிக்கொண்டு மாதப்பன் படத்துக்குப் பின்னால் போனது. மலைக்குப் போய் மொட்டை அடித்தார்கள். யுகாதிக்கு வந்த மகள் வினிதா அம்மாவின் தலையைத் தடவிச் சிரித்தாள். அவள் மண்டியாவில் நர்சிங் படிக்கிறவள். தமிழைவிடக் கன்னடம் நன்றாகப் படிப்பாள். ஆனால் பூஜைக் காகிதத்தை யார் பிரித்துப் பார்ப்பார்கள்? சஸ்பெண்டுக் காலத்தில் வந்த படிப்பணம் நின்றுபோனதற்கும் சென்னிமலை ஒரு காரணம் வைத்திருந்தான். லீவு வருகிறது, லீவில் எவன் காசு போடுவான் என்றான். நல்ல சேதி வந்த வீட்டில் சந்தேகத்துக்கு உட்காரப் பலகை போடமாட்டார்கள்.

வடிவு இன்னொன்றும் செய்தாள். மலை லட்டை எடுத்துக்கொண்டு மொட்டைத் தலையோடு பள்ளி ஆபீசுக்கே போனாள். சித்தையனுக்கு ஒன்று கொடுத்தாள், அவனுக்கு அப்போது சேதி எட்டியிருக்கவில்லை. கிளார்க் மஞ்சுநாத்துக்கு ஒன்று கொடுத்தாள். அவர் இரண்டு கையாலும் வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். "நான் எந்தத் தேதியில இருந்து வரட்டுங் சார்?" என்று கேட்டாள். அவர் லட்டையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, "ஜூன்ல நோடோணா" என்றார். ஜூனில் பார்க்கலாமாம். அவள் சந்தோஷமாகத் திரும்பி வந்தாள்.

பள்ளி திறந்த அன்றைக்குக் கேட்டிலிருந்து வீட்டுக்கு வந்தவள் பேசாமல் மாதப்பன் படத்தைக் கழற்றினாள். காகிதத்தைப் பிரித்துப் படம் எடுத்து வினிதாவுக்கு அனுப்பினாள். குங்குமம் பட்ட இடத்தில் எழுத்து சிவந்திருந்தது. போன் உடனே அடித்தது. சென்னிமலை ராகிக் களித் தட்டுக்கு முன்னால் உட்கார்ந்திருந்தான்.

"அம்மா, இதேனு இது? யாவாக பந்தது? ஃபெப்ரவரின்னு போட்டிருக்கு! இத்தன நாளா எங்கிட்டக் காட்டவே இல்ல?"

"என்ன போட்டிருக்குது கண்ணு?"

"வஜா மாடிதாரெ அம்மா. டிஸ்மிஸ்."

"வஜான்னா தள்ளுபடிடா தங்கம்" என்று சென்னிமலை போனுக்குப் பக்கத்தில் குனிந்து சொன்னான். 

"ஹௌது, ஆமாப்பா. அம்மாவத்தான் தள்ளிட்டாங்க."

சென்னிமலை கையில் எடுத்த களி உருண்டை அப்படியே நின்றது. உப்புச்சாற்றில் நனைந்த உருண்டை, சொட்டுச் சொட்டாக வடிந்தது. அவன் வடிவைப் பார்த்தான். அவள் முக்காடு நழுவி முள் முடியோடு நின்றாள். அந்தத் தலையைப் பார்க்க முடியாமல் அவன் எழுந்து கையைக் கழுவிக்கொண்டு போனான். 

ஜூலையில் அவர்கள் தேடிப் போன வக்கீல் அஷ்வினி கோர்ட்டுக்குப் பின்தெருவில் ஒரு மாடியறையில் இருந்தார். இளவயசு. கன்னடக்காரர்தான், சின்ன வயதில் தமிழ்க் குடும்பங்களோடு ஒரே காம்பவுண்டில் வளர்ந்ததால் தமிழ் உடைந்து உடைந்து வரும். காகிதத்தைப் பார்த்ததும் முதலில் சிரித்தார். யாருடைய குங்குமம் இது என்று கேட்டார். கதையைக் கேட்டு முடித்தபோது அவர் முகத்தில் சிரிப்பு இல்லை.

"வடிவம்மா, கேஸ் ஒள்ளே கேஸ், நல்ல கேஸ். சின்னக் கேட்டுக்கு ஆள் போடாதது அவங்க தப்பு. விசாரணையும் சரியா நடக்கலே. ஆனா அப்பீல் மூணு மாசத்துக்குள்ளே போடணும். ஆர்டர் கைக்கு வந்து நாலு மாசம் தாண்டிப்போச்சு. மொதல்லே ஏன் லேட்டுன்னு சொல்லி ஜட்ஜ் கிட்டே மன்னிப்பு கேட்கணும். அவர் லேட்டை மன்னிச்சாத்தான் உங்க கேஸைத் திறந்தே பார்ப்பார். இல்லேன்னா கதவு மூடினது மூடினதுதான்."

"அப்ப நான் தப்புப் பண்ணுனனா இல்லியான்னு பாக்கவே மாட்டாங்களா?"

"பார்க்க மாட்டாங்க."

வடிவுக்கு இது புது அதிர்ச்சி. வேலை போனது ஒன்று, போன வேலையைப் பற்றிக் கேட்கிற வழியும் போனது இன்னொன்று. அவள் நாற்காலி விளிம்பைப் பிடித்துக்கொண்டாள்.

"பயப்படாதீங்க. எல்லாரும் போடற காரணம் ஒண்ணு இருக்கு. மஞ்சள் காமாலை. படுத்துக் கிடந்தேன்னு டாக்டர் சர்டிஃபிகேட் வாங்கிப் போட்டுட்டா முடிஞ்சது. இந்தக் கோர்ட்டுலே லேட்டா வந்தவங்களுக்கெல்லாம் காமாலைதான்."

"காமாலையே போட்டுருங்கம்மா" என்றான் சென்னிமலை. அதுவரை வாசலருகிலேயே நின்றுகொண்டிருந்தான்.

வடிவு அவனைத் திரும்பிப் பார்த்தாள். "எப்புடீங்க போடறது? காமாலையில கெடந்தவ மலையேறி மொட்ட அடிச்சாளா? அடிச்சுட்டு ஆபீசுக்கே போயி லட்டுக் குடுத்தனே! அவங்க கண்ணுல பாத்தவங்கதான. நாளைக்கு எந்திரிச்சு நின்னு சொன்னா என்ற மூஞ்சிய எங்க வெக்கறது?"

அஷ்வினி பேனாவைக் கீழே வைத்தார். "லட்டு கொடுத்தீங்களா? ஆபீஸ்லேயா? யாருக்கு?"

வடிவு சொன்னாள். அஷ்வினி காகிதத்தை மறுபடி எடுத்துப் பிரித்தார். "அப்படின்னா உள்ளதைத்தான் சொல்லணும். உங்க வீட்டுக்காரர் கோர்ட்டுலே நின்னு சொல்லணும்."

அன்று சாயங்காலம் வீட்டில் சண்டை. சமையலறையில் வடிவு அவரைக்காய் உரித்துக்கொண்டிருந்தாள். ஜூலை மழை தகரத்தில் விழுந்து பேச்சை விழுங்கியது. சென்னிமலை சத்தம் போட்டுத்தான் பேச வேண்டியிருந்தது.

"நான் கூண்டுல ஏறி எனக்கு எழுத்துத் தெரியாது, வஜான்னாத் தெரியாதுன்னு சொல்லோணுமா? மார்க்கெட்டு பூரா சிரிக்கும். இருவது வருசமாக் கன்னடம் பேசறவன்."

"சிரிச்சாச் சிரிக்கட்டும்."

"உனக்கென்ன புள்ள. உன்ற மேல தப்பில்ல. குடியக் கெடுத்தவன் நானு. அத ஊருக்கு முன்னாலயும் சொல்லச் சொல்றே."

"குடியக் கெடுத்தீங்கன்னு நான் சொன்னனா? ஒரு நாளாச்சுஞ் சொன்னனா?"

"சொல்லாததுதான் வலிக்குது" என்றான் அவன்.

வடிவு அவரைக்காயை முறத்தோடு ஒதுக்கி வைத்தாள். அவளுக்கும் கோபம் இருந்தது. இல்லை என்று சொன்னால் பொய். ராத்திரி தலையணையில் வெறுந்தலை உரசும்போதெல்லாம், இந்த ஆள் இன்னொருவரிடம் ஒரு தரம் படிக்கக் கொடுத்திருந்தால் என்ன என்று பல்லைக் கடித்திருக்கிறாள். ஆனால் தார் சுமந்து காய்த்துப்போன அவன் தோளைப் பார்த்தால் அந்த வார்த்தை வாயில் வராது. அவனும் அந்தக் காகிதத்தைக் கண்ணில் ஒற்றிக்கொண்டவன்தானே.

"எனக்கு அந்த வேல வேணுங்க. சோத்துக்கு மட்டுமில்ல. மனிஷாவ நான்தான் தொலைச்சேன்னு எழுதியிருக்குதாமே, அது அப்படியே நின்னுபோயிரும். நீங்க ஒரு நாளு சிரிப்பு வாங்கிக்கிட்டா, நான் இந்தப் பேரோட சாக வேண்டியதில்ல."

அவன் உட்கார்ந்து முறத்தைத் தன் பக்கம் இழுத்து, மிச்ச அவரைக்காயை உரித்தான்.

வழக்கு விசாரணைக்கு வந்தபோது வடிவின் முடி காது வரை வளர்ந்திருந்தது. அஷ்வினி அதை வெட்டாதீர்கள், முக்காடும் போடாதீர்கள் என்று சொல்லியிருந்தார்.

சென்னிமலை வெள்ளைச் சட்டை போட்டு வந்து சாட்சிக் கூண்டில் நின்றான். தார் சுமக்கிறவர்களுக்கு நிமிர்ந்து நிற்கத் தெரியாது என்று மார்க்கெட்டில் கேலி செய்வார்கள். அவன் நிமிர்ந்து நிற்கத்தான் பார்த்தான். பள்ளியின் வக்கீல் பழுத்த ஆள். குரலை உயர்த்தாமல் கேட்டார்.

"எத்தனை வருஷமாக மைசூரில் இருக்கிறீர்கள்?"

"இருவது வருசத்துக்கு மேலீங்க."

"கன்னடம் பேசுவீர்கள்?"

"பேசுவனுங்க."

"வஜா என்றால் என்ன?"

"எங்கூர்ல கந்தாயந் தள்ளிவுடறதுங்க."

பின்னால் சிரிப்புச் சத்தம் எழுந்தது. "ஸ்வாமி, என் பேரனுக்குத் தெரிந்த வார்த்தை" என்று வக்கீல் நீதிபதியைப் பார்த்துச் சொன்னார். "நாலு மாதத்துக்கு மேல் தூங்கிவிட்டு, இப்போது ஒரு கதை கட்டிக்கொண்டு வருகிறார்கள். எல்லாம் தெரிந்தே சும்மா இருந்தவர்கள் இவர்கள்." மறுபடியும் சிரிப்பு.  கூண்டிலிருந்து இறங்கிய சென்னிமலை யாரையும் பார்க்காமல் வெளி வராந்தாவுக்குப் போய்க் கதவோரம் நின்றுகொண்டான்.

வடிவு எழுந்து நின்றாள். அவளை யாரும் எழுந்திருக்கச் சொல்லவில்லை. அஷ்வினி முந்தானையைப் பிடித்து இழுத்தும் உட்காரவில்லை. கன்னடமும் தமிழுமாகக் கொட்டினாள்.

"சாமி, வேல போனது தெரிஞ்ச பொம்பள மொட்ட அடிச்சு, அந்த ஆபீசுக்கே லட்டுக் கொண்டுக்கிட்டுப் போவாளா? அந்தா உக்காந்திருக்காரே மஞ்சுநாத் சாரு, அவருக்குத்தான் குடுத்தேன். ரெண்டு கையில வாங்கிக் கண்ணுல ஒத்துனாரு. அவரக் கேளுங்க சாமி. இல்லீன்னு சொல்லட்டும், நான் இப்படியே போயிடறேன்."

பள்ளியின் காகிதக் கட்டுகளை மடியில் வைத்துக்கொண்டு மூன்றாம் வரிசையில் உட்கார்ந்திருந்த மஞ்சுநாத்தின் பக்கம் எல்லாத் தலையும் திரும்பியது. பள்ளி வக்கீல் ஏதோ ஆட்சேபித்தார். நீதிபதி கையமர்த்திவிட்டு, எழுந்து கூண்டுக்கு வாருங்கள் என்றார். மஞ்சுநாத் வந்தார், சத்தியம் செய்தார். கட்டைக் கீழே வைக்கவும் மறந்து மார்போடு அணைத்துக்கொண்டிருந்தார்.

"இந்த அம்மா பிரசாதம் கொடுத்தாரா?"

மஞ்சுநாத் தன் பள்ளி வக்கீலைப் பார்த்தார். வடிவின் தலையைப் பார்த்தார். அவர் ரிட்டயர்மெண்டுக்கு இன்னும் கொஞ்ச காலம்தான் இருந்தது.

"கொடுத்தாங்க ஸ்வாமி. சாப்பிட்டேன்."

"என்ன கேட்டார்?"

"எந்தத் தேதியிலிருந்து வேலைக்கு வரட்டும்னு கேட்டாங்க."

"அவரை வேலையிலிருந்து நீக்கியது அப்போது உங்களுக்குத் தெரியுமா?"

"அந்த ஆர்டரை டைப் பண்ணினதே நான்தான் ஸ்வாமி."

 வடிவு மஞ்சுநாத்தையே பார்த்தாள். அவருக்கும் ஏதோ தெரியாமல் இருந்திருக்கும் என்றுதான் இத்தனை நாளும் நினைத்திருந்தாள். தெரிந்தே வாங்கினாரா? தெரிந்தே கண்ணில் ஒற்றிக்கொண்டாரா?

"ஏன் சொல்லவில்லை?" என்றார் நீதிபதி.

"மொட்டைத் தலையோடு சிரிச்சுக்கிட்டு நின்னாங்க. கையிலே மாதப்பன் பிரசாதம். அந்த நேரத்துலே எப்படிச் சொல்றது? வாய் வரலே. ஜூனுக்குள்ளே வேற யாராவது சொல்லிடுவாங்கன்னு நினைச்சேன்." மஞ்சுநாத் கட்டால் முகத்தை மறைத்துக்கொண்டார். "யாரும் சொல்லலே போலிருக்கு."

மத்தியானத்துக்கு மேல் உத்தரவு. நீதிபதி தணிந்த குரலில் இங்கிலீஷில் சொல்லிக்கொண்டே போனார். வடிவுக்கு ஒரு சொல்லும் பிடிபடவில்லை. முடித்ததும் கோர்ட் குமாஸ்தா அடுத்த வழக்குக்காரர்களை ஒதுங்கச் சொல்லிக்கொண்டே கன்னடத்தில் உரக்கச் சொன்னார்.

"விளம்ப மன்னா. தகராரு வஜா!"

வஜா என்று கேட்டதும் வடிவு அழுதுவிட்டாள். பெஞ்சில் சரிந்தவளை அஷ்வினி தாங்கிப் பிடித்து உலுக்கினார்.

"அழாதீங்க! வஜா ஆனது அவங்க தகராறு. அவங்க ஆட்சேபணையைத் தள்ளிட்டார். நம்ம லேட் மன்னா. கேளுங்க, மன்னா, மன்னிச்சிட்டார். இனிமேத்தான் கேஸ். ஜெயிப்போமோ இல்லையோ, கதவு திறந்தாச்சு!"

வடிவு மலங்க மலங்க விழித்தாள். ஒரே சொல், ஒரு தரம் சிரிக்கவைத்துக் கெடுத்தது, இப்போது அழவைத்து நல்லது செய்கிறது. கண்ணைத் துடைத்துக்கொண்டு வராந்தாவுக்கு ஓடினாள்.

கதவோரத்தில் சென்னிமலை இல்லை. மழைமரத்தடியில் இல்லை, டீக்கடையில் இல்லை. போன் அடித்துக்கொண்டே இருந்தது, எடுக்கவில்லை. உத்தரவு சொன்னபோது அவன் இங்கேதான் நின்றான், கடைசி வார்த்தையைக் கேட்டதும் செருப்பைக்கூட மாட்டாமல் போய்விட்டான் என்று டவாலி போட்ட ஆள் சொன்னான். கதவருகில் அந்தச் செருப்பு கிடந்தது.  என்னென்னவோ நினைப்பு வந்தது. செருப்பை எடுத்துக்கொண்டு, வடிவு தூறலில் ஓடி ஆட்டோவில் ஏறினாள். எங்கே என்று ஆட்டோக்காரர் கேட்டபோது, மார்க்கெட் என்ற வார்த்தை தானாக வந்தது.

தேவராஜா மார்க்கெட்டின் பூச்சந்து வழியாக, மல்லிகைக் கூடைகளுக்கும் ஆட்களுக்கும் நடுவே முட்டி மோதிக்கொண்டு ஓடினாள். வாழைமண்டியில் பழுத்த மணமும் ஈரச் சாக்கு நாற்றமும். அங்கே அவன் இல்லை. கடைசியில் லிங்கப்பன் வெற்றிலைக் கடைக்கு எதிரில், கவிழ்த்துப் போட்ட கூடை ஒன்றின்மேல், வெறுங்காலோடு உட்கார்ந்திருந்தான். உயிரோடு இருந்தான். அவளுக்கு மூச்சு வந்தது.

அவன் நிமிர்ந்து பார்க்கவில்லை. "இந்தத் தடவ எனக்கே அருத்தம் தெரிஞ்சுபோச்சு வடிவு. யாரையும் படிக்கச் சொல்லல."

"ஐயோ, அது நம்புளுது இல்லீங்க! வஜா ஆனது அவங்க தகராறு. நம்ம லேட்ட மன்னா பண்ணிட்டாரு."

"என்னயத் தேத்தறதுக்குச் சொல்ற."

"மாதப்பன் மேல சத்தியமுங்க."

அவன் நம்பவில்லை. கடைக்குள் இருந்த லிங்கப்பனைப் பார்த்தான். அவர் இரண்டு கையையும் தூக்கிவிட்டார். "நானு இனி ஏனூ ஓதல்லப்பா! ஒரு தரம் படிச்சதே போதும், ஒரு குடும்பமே மொட்டை ஆச்சு." பக்கத்துக் கடைக்காரர்கள் சிரித்தார்கள். சென்னிமலையின் உதடும் லேசாக அசைந்தது. உடனே இறுகிவிட்டது.

"நல்ல சேதியாவே இருக்கட்டும்" என்றான். "வினிதா படிச்சுச் சொல்லட்டும். வக்கீலம்மா எழுதிக் குடுக்கட்டும். அது வரைக்கும் நான் சிரிக்கமாட்டேன். போன தடவ சிரிச்சது போதும்."

வடிவு அவனுக்கு முன்னால் ஈரத்தரையில் குந்தி உட்கார்ந்தாள். கையில் இருந்த செருப்பைக் கீழே வைத்து, அவன் கால் பக்கமாகத் தள்ளினாள்.

"ஒண்ணு கேக்கறேன், சொல்லுங்க. கோர்ட்டு எத மன்னிச்சுது?"

"லேட்டாப் போனத."

"லேட்டு ஆரால ஆச்சு?"

அவன் செருப்பைப் பார்த்தான்.

"உங்களாலதானுங்க. நான் என்ன பண்ணுனேன்? அப்ப ஜட்ஜு அத்தன பேருக்கு முன்னால மன்னிச்சது உங்களத்தான். என்னோடது இன்னும் கேஸாவே கெடக்குது."

சென்னிமலை முதல்முறையாக அவள் தலையை நேராகப் பார்த்தான். காது மறைகிற அளவுக்கு வளர்ந்திருந்த முடியில் மழைத்துளிகள் இருந்தன. பிறகு, மார்க்கெட் முழுக்கப் பார்த்துக்கொண்டிருக்க, துண்டை வாயில் அடைத்துக்கொண்டு அழுதான். லிங்கப்பன் ஒரு வெற்றிலையைத் துடைத்துப் பாக்கு வைத்து மடித்து, காசு கேட்காமல், வடிவின் கையில் கொடுத்தார்.